முடி போயிற்று, முறையீடும் போக வேண்டுமா?

1855ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்தில் தஞ்சை மன்னர் இரண்டாம் சிவாஜி ஆண் சந்ததியின்றிக் காலமானார். வாரிசு இல்லை என்பதைக் காரணமாகக் காட்டிக் கிழக்கிந்தியக் கும்பனியார் தஞ்சை இராச்சியம் முடிவுற்றதாக அறிவித்தனர். அம்மட்டோடு நின்றார்களா? அடுத்த ஆண்டில் கும்பனியின் அதிகாரி ஒருவர் படையினருடன் அரண்மனைக்குட் புகுந்து, மன்னரின் நகை, வீடு, தோட்டம், வயல் முதலான சொந்த உடைமைகளையும் அரசுடைமையோடு ஒன்றாகச் சேர்த்துக் கைப்பற்றினார். மன்னரின் மூத்த மனைவியார் காமாட்சிபாய் சென்னைச் சுப்ரீம் கோர்ட்டில் வழக்குத் தொடுத்தார். இராச்சியம் போனது போகட்டும், கணவரின் சொந்தச் சொத்தை எந்தச் சட்டத்தின்படி எடுத்தீர்கள் என்பதே அவ்வம்மையாரின் வழக்கின் சாரம். சென்னை நீதிபதிகள் அவர் பக்கம் தீர்ப்பளித்தனர். கும்பனியார் இலண்டனிலுள்ள கோமறைக் கழகத்துக்கு மேன்முறையீடு செய்தனர்.

1859இல் வந்த தீர்ப்பை இன்றும் சட்ட மாணவர் படிக்கின்றனர். எடுத்தது நியாயமோ அநியாயமோ, அது ஓர் ‘அரசச் செயல்’. ஓர் அரசு மற்றோர் அரசின் மீது செய்த செயலை எந்த நீதிமன்றமும் விசாரிக்க இயலாது என்று கோமறைக் கழகம் கூறிவிட்டது. 1862இல் அரசாங்கம் மனமிரங்கிச் சொந்தச் சொத்தை அரசியர்க்குத் திருப்பிக் கொடுத்தது. திருப்பிக் கொடுத்தது என்பது உண்மையே. ஆனால் அது கருணையாகக் கொடுக்கப்பட்டது, கடனாகத் தீர்க்கப்படவில்லை. இந்த வேறுபாட்டைக் காணி உறுதியைப் பெட்டியில் வைத்துப் பூட்டும் நம் கமக்காரருக்கு எவரும் விளக்கிச் சொல்லவேண்டியதில்லை.

நூற்றறுபது ஆண்டுக்கு முந்திய தஞ்சைக் கதையை இப்போது ஏன் கிளறுகிறோம் என வாசகர் வினவலாம். கும்பனி போயிற்று, வெள்ளையரும் போயினர். ஆனால் அவர்கள் வார்த்த அந்தப் பூட்டு மட்டும் சுதந்திர இந்தியாவின் அரசியலமைப்பில் 363ஆம் உறுப்புரை என்ற பெயருடன் இன்னும் தொங்கிக்கொண்டிருக்கிறது. அதைக் குறித்தே இங்கு எழுதப் புகுந்தோம்.

முதலிலேயே ஒன்றைத் தெளிவாகக் கூறிவிடுகிறோம். முடி இழந்த மன்னர்க்காகக் கண்ணீர் வடிக்க இக்கட்டுரை எழுதப்படவில்லை. குடியானவனிடம் கூலியில்லா வேலை வாங்கியும், வரிப்பணத்தில் யானையும் மோட்டார் வண்டியும் வாங்கியும் வாழ்ந்த சமஸ்தானாதிபதிகள் பலர். அவர்கள் ஆட்சி ஒழிந்தது நன்றே. நம் கேள்வி வேறு. அரசன் குடிமகனாகிவிட்ட பின்னர், மற்றக் குடிமகனுக்குத் திறந்திருக்கும் நீதிமன்றக் கதவு அவனுக்கு மட்டும் அடைபட்டிருக்கலாமா? அந்தக் கதவு அடைபட்டதால் அரசர் மட்டுந்தானா வெளியே நின்றனர்?

1947 ஓகஸ்ட் 15ஆம் திகதி பிரித்தானிய மேலாதிக்கம் நீங்கியபோது, துணைக்கண்டத்தில் 560க்கு மேற்பட்ட சமஸ்தானங்கள் இருந்தன. நிலப்பரப்பில் ஏறக்குறைய ஐந்தில் இரண்டு பங்கு அவற்றின் கையில். இந்திய சுதந்திரச் சட்டத்தின் 7ஆம் பிரிவு, பிரித்தானிய முடிக்கும் சமஸ்தானங்களுக்கும் இடையே நிலவிய உடன்படிக்கைகள் யாவும் இற்றுப்போயின எனக் கூறிவிட்டது. சர்தார் பட்டேலும் அவருடைய செயலாளர் வி. பி. மேனனும் முதலிற் கேட்டவை பாதுகாப்பு, வெளிநாட்டு விவகாரம், போக்குவரத்துத் தொடர்பு ஆகிய மூன்றுமே. மன்னர் கையொப்பமிட்டனர். சில மாதங்கள் சென்றன. 1947 டிசெம்பரில் ஒரிசாச் சிற்றரசர்கள் கட்டாக் நகருக்கு அழைக்கப்பட்டனர். இம்முறை கேட்கப்பட்டது முழு இராச்சியமும். அதன் பின் சௌராஷ்டிரம், மத்திய பாரதம், இராஜஸ்தான் என ஒன்றன்பின் ஒன்றாக ஒன்றியங்கள் எழுந்தன. 1949 யூலையில் திருவிதாங்கூரும் கொச்சியும் ஒன்றாயின. ஐதராபாத் மட்டும் 1948 செப்டெம்பரில் படை சென்ற பின்னரே பணிந்தது.

தமிழகத்தின் நடுவே இருந்த புதுக்கோட்டையின் கதை மிகவும் அமைதியானது. ஏறக்குறைய 1,180 சதுர மைல் பரப்புள்ள அச்சமஸ்தானத்தை 1948 மார்ச் 3ஆம் திகதி இராஜகோபாலத் தொண்டைமான் ஒப்படைத்தார். அப்போது அவருக்கு வயது 25. சமஸ்தானம் திருச்சிராப்பள்ளி மாவட்டத்தோடு சேர்ந்தது; 1974இல் தனி மாவட்டமாயிற்று. அவரது அரண்மனையில் இன்று மாவட்ட ஆட்சியரின் அலுவலகம் நடைபெறுகிறது. பட்டா மாற்றம் வேண்டி வரும் குடியானவன், ஒருகாலத்தில் தன் பாட்டன் காலணியைக் கழற்றிவிட்டு நின்ற வாசலின் வழியே உள்ளே போகிறான். இணைப்பினால் விளைந்த நன்மையைக் காட்ட இதைவிட நல்ல சான்று நமக்குத் தெரியவில்லை.

கொடுத்ததற்குப் பதிலாக மன்னர் பெற்றது என்ன? பெரும்பாலான சமஸ்தானங்களுக்கு ஒரு வாய்பாடு இருந்தது. ஆண்டு வருமானத்தில் முதல் ஓர் இலட்சத்துக்கு நூற்றுக்குப் பதினைந்து, அடுத்த நான்கு இலட்சத்துக்கு நூற்றுக்குப் பத்து, அதற்கு மேற்பட்டதற்கு நூற்றுக்கு ஏழரை. உச்ச வரம்பு 10 இலட்சம் ரூபா. இருபது இலட்சம் வருமானமுள்ள ஒரு சமஸ்தானத்தின் மன்னருக்கு இக்கணக்கின்படி 1,67,500 ரூபா கிடைக்கும். பெரிய சமஸ்தானங்கள் பதினொன்றுக்கு மட்டும், அப்போதிருந்த மன்னரின் ஆயுட்காலம் வரை, வரம்பு தாண்டிய தொகை வழங்கப்பட்டது. மைசூருக்கு 26 இலட்சம். திருவிதாங்கூருக்கு 18 இலட்சம். மறுகோடியிலே சௌராஷ்டிரத்துக் கட்டோடியா என்ற ஊரின் அதிபதி இருந்தார். அவருக்கு ஆண்டுக்கு 192 ரூபா. மாதம் பதினாறு ரூபா பெறும் மன்னர்! மானியத்துடன் பீரங்கி மரியாதை, காரிற் சிவப்பு இலக்கத் தகடு, சொந்தக் கொடி முதலிய அலங்காரங்களும் தொடர்ந்தன.

மன்னர் தம் சொந்தச் சொத்து இன்னதென்று பட்டியல் எழுதிக் கொடுக்கவேண்டும். பட்டியலில் தகராறு எழுந்தால் இந்திய அரசு நியமிக்கும் நீதித்துறை அதிகாரி தீர்ப்பார். அவர் தீர்ப்பே முடிவு. மானியம் பிச்சையன்று, மன்னர்கள் ஆட்சியுரிமையைத் துறந்ததற்கும் தம் நாடுகளைக் கலைக்க இசைந்ததற்கும் ஈடாகக் கொடுக்கும் விலை என்று பட்டேல் 1949 ஒக்டோபரில் அரசியல் நிர்ணய சபையில் விளக்கினார். அந்த வாக்கை அரசியலமைப்பிலேயே எழுதி வைத்தனர். 291ஆம் உறுப்புரை மானியத்தை இந்தியாவின் திரட்டு நிதியின்மீது ஏற்றி, வருமான வரியும் இல்லை என்றது. 362ஆம் உறுப்புரை, மன்னரின் தனியுரிமைகளையும் சிறப்புகளையும் சட்டம் இயற்றுவோரும் ஆட்சி நடத்துவோரும் கருத்திற்கொள்ள வேண்டும் என்றது.

அடுத்து வந்ததே 363. இத்தகைய உடன்படிக்கைகளினால் எழும் எந்தத் தகராறையும் உச்ச நீதிமன்றமோ வேறெந்த நீதிமன்றமோ விசாரிக்கலாகாது என்பது அதன் உள்ளடக்கம். ஒரு பக்கத்தில் வாக்குறுதி; மறுபக்கத்தில், வாக்கு மீறப்பட்டால் கேட்க இடமில்லை என்ற அறிவித்தல். ஒருவரோடு காணி ஒப்பந்தம் எழுதுகிறோம். ஒப்பந்தத்தின் கடைசி வரியில் ‘இது குறித்து எந்தக் கோட்டுக்கும் போகக்கூடாது’ என்று அவர் சேர்க்கிறார். நம்மூர் நொத்தாரிசு எவராவது அதிற் கையெழுத்திடச் சொல்வாரா? ஒப்பந்தம் என்ற சொல்லைக் கேட்டதும் நம் வாசகர் உள்ளத்தில் எழக்கூடிய பிற நினைவுகளை நாம் இங்கு தூண்டவில்லை.

இந்தப் பூட்டின் வலிமை விரைவிலேயே வெளிப்பட்டது. 1952இல் ஜமீன் ஒழிப்புச் சட்டங்கள் உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தபோது, இணைப்பு உடன்படிக்கையில் தம் சொந்தச் சொத்தென ஏற்கப்பட்ட நிலத்தை அரசு எடுக்கலாகாது என்று மத்தியப் பிரதேசத்தில் வாதாடப்பட்டது. சொந்தச் சொத்து என்றால் மற்றக் குடிமகனின் சொந்தச் சொத்தைப் போன்றதே. மற்றவன் நிலத்தைச் சட்டப்படி எடுக்கலாமெனில் முன்னாள் மன்னர் நிலத்தையும் எடுக்கலாம் என்று நீதிமன்றம் விடையளித்தது. இத்தீர்ப்பை நாம் முழுமனத்தோடு ஏற்கிறோம். உழுபவனுக்கு நிலம் போய்ச் சேர்வதற்கு ஒரு பழைய அரசனின் பட்டியல் தடையாக நிற்கக்கூடாது. மேலும் அத்தீர்ப்பு மன்னரை மற்றக் குடிமகனோடு ஒரே வரிசையில் நிறுத்திற்று. அந்தக் கொள்கையை முழுவதும் பின்பற்றியிருந்தால் நாம் இக்கட்டுரையை எழுதவேண்டியிராது.

நடந்தது வேறு. புந்தேல்கண்டத்திலே சர்க்காரி, சரீலா என்னும் இரு சிறு சமஸ்தானங்கள். அவற்றின் மன்னர்கள் 1948 ஜனவரியிற் சிலருக்குக் கிராமங்களை மானியமாக வழங்கினர். ஒன்றியம் அமைந்தது, ஒன்றியமும் கலைந்தது, கிராமங்கள் உத்தரப் பிரதேசத்தின் கீழ் வந்தன. 1952இல் அரசாங்கம் அக்கொடைகளை ஒரே உத்தரவால் நீக்கியது. கொடை பெற்றோர் உச்ச நீதிமன்றம் சென்றனர். 1954இல் நீதிமன்றம் அவர்களைக் காத்தது. அரசியலமைப்பு வந்தபின் இவர்கள் யாவரும் இந்தியாவின் குடிகள். தன் சொந்தக் குடிமக்கள் மீது எந்த அரசும் ‘அரசச் செயல்’ புரிய முடியாது என்பதே தீர்ப்பின் உயிர்நாடி. கோமறைக் கழகம் தஞ்சை அரசிக்குச் சொன்னதற்கு டில்லி அளித்த மறுமொழி என்றே அதைக் கொள்ளலாம்.

அந்த மறுமொழி பத்தாண்டுகளே நிலைத்தது. குஜராத்தில் சாந்த் என்றொரு சிறு சமஸ்தானம். இராச்சியத்தை ஒப்படைப்பதற்குச் சிறிது முன், 1948 மார்ச் 12ஆம் திகதி, அதன் மன்னர் தம் ஜாகீர்தார்களுக்கு அவரவர் கிராமக் காட்டின் முழு உரிமையையும் ஓர் உத்தரவால் எழுதிக் கொடுத்தார். ஜாகீர்தார்கள் மரம் வெட்டும் உரிமையை வியாபாரிகளுக்கு விற்றனர். வியாபாரிகள் காட்டுக்குட் போனபோது புதிய அரசு மறித்தது. 1949இல் அந்த உத்தரவையே தள்ளிவிட்டது. வழக்கு உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் முன் வந்தது. 1964இல் அவர்களுட் பெரும்பான்மையோர் 1954ஆம் ஆண்டுத் தீர்ப்பைக் கைவிட்டு, பழைய கோமறைக் கழகக் கொள்கைக்கே திரும்பினர். பழைய அரசன் கொடுத்த உரிமை புதிய அரசு ஏற்றுக்கொண்டால் உண்டு, ஏற்காவிடில் இல்லை.

சாந்த் மன்னரின் உத்தரவில் சூது இருந்திருக்கலாம் என்பதை நாம் மறுக்கவில்லை. நாட்டை ஒப்படைக்கும் கடைசி வாரங்களில் உறவினருக்கும் வேண்டியவருக்கும் காட்டையும் வயலையும் எழுதிவைத்த மன்னர் சிலர் இருந்தனர். அவற்றைத் தடுக்க அரசுக்கு ஏதேனும் வழி வேண்டும். ஆனால் சூதை நிரூபித்துத் தள்ளுவது ஒன்று. சூதோ நேர்மையோ என்று கேளாமலே தள்ளுவது மற்றொன்று. நூறாண்டு பழைமையான நேர்மையான கொடையும், நேற்று இரவு எழுதிய பொய்க் கொடையும் இக்கொள்கையின் முன் ஒரே தரமே. மன்னரின் மாளிகையைக் காட்டிலும் மன்னரிடம் நிலம் பெற்றவன், குத்தகை பெற்றவன், விலை கொடுத்து வாங்கியவன் ஆகியோர் இதனால் அடைந்த துன்பம் பெரிது. அதைப் பற்றி எழுதுவோர்தாம் குறைவு.

கதவு இன்னொரு பக்கத்தாலும் அடைபட்டிருந்தது. உரிமையியல் நடைமுறைக் கோவையின் 87ஆ பிரிவின்படி, முன்னாள் மன்னர் மீது வழக்குத் தொடுக்க மத்திய அரசின் அனுமதி தேவை. கடன் கொடுத்த வியாபாரியும், கூலி வரவேண்டிய தொழிலாளியும் முதலில் டில்லிக்கு விண்ணப்பம் எழுதவேண்டும். இப்பிரிவு செல்லுபடியாகும் என்று 1964இல் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றமே, இது என்றென்றும் தொடர வேண்டுமா என்று அரசு எண்ணிப் பார்க்க வேண்டும் எனவும் சொல்லி வைத்தது. மறு ஆண்டில் ஜாவ்ரா நவாப்பின் மானியத்தின்மேல் ஒரு கடன்காரர் கைவைக்க முயன்றபோது, அது அரசியல் ஓய்வூதியம், பறிமுதல் செய்யலாகாது என்று தீர்ப்பாயிற்று. ஆக, மன்னர் அரசின்மீது வழக்குப் போட முடியாது. குடிமகன் மன்னர்மீது எளிதில் வழக்குப் போட முடியாது. 1972இல் மன்னர் சலுகை ஒழிப்புச் சட்டம் வந்த பின்னரே இந்த இரண்டாம் வேலி சரியத் தொடங்கிற்று.

இனி மானிய ஒழிப்பின் கதை. 1967இல் காங்கிரஸ் கட்சி மன்னர் மானியத்தை ஒழிக்கத் தீர்மானித்தது. 1970 செப்டெம்பர் 2ஆம் திகதி அதற்கான திருத்த மசோதா மக்களவையில் 332க்கு 154 என்ற கணக்கில் நிறைவேறியது. மூன்று நாட் கழித்து மாநிலங்களவையில் ஆதரவாக 149 பேரும் எதிராக 75 பேரும் வாக்களித்தனர். மொத்தம் 224. மூன்றில் இரண்டு பங்கு என்றால் 149⅓. மூன்றில் ஒரு வாக்கால் மசோதா வீழ்ந்தது! பாராளுமன்ற சரித்திரத்தில் இவ்வளவு சிறிய பின்னத்தால் இவ்வளவு பெரிய காரியம் தடைப்பட்டது அரிதாகவே இருக்கும்.

திருமதி இந்திரா காந்தியின் அரசு அடுத்த கூட்டத்தொடர் வரை பொறுத்திருக்கவில்லை. அன்றிரவே ஜனாதிபதி வி. வி. கிரி தங்கியிருந்த ஐதராபாத்துக்கு ஓர் உத்தரவு கொண்டுபோகப்பட்டு ஒப்பம் பெறப்பட்டது. மன்னர் யார் என்பதை ஏற்கும் அதிகாரம் ஜனாதிபதிக்கு உண்டு. ஆகவே எவரையும் மன்னராக ஏற்கவில்லை என அவர் சொல்லிவிட்டால் மானியமும் ஒழிந்தது என்பது அந்த உத்தரவின் தந்திரம். பாராளுமன்றம் மறுத்ததை ஒரு பேனாவின் கீறலாற் பெற்றுவிடலாம் என எண்ணினர்.

குவாலியர் மாதவராவ் சிந்தியா முதலானோர் உச்ச நீதிமன்றம் சென்றனர். பதினொரு நீதிபதிகள் விசாரித்தனர். 363ஆம் உறுப்புரையைக் காட்டி, இது நீதிமன்றம் தொடக்கூடாத விடயம் என்று அரசு வாதித்தது. 1970 டிசெம்பர் 15ஆம் திகதி, ஒன்பதுக்கு இரண்டு என்ற பெரும்பான்மையால் உத்தரவு செல்லாதென நீதிமன்றம் தள்ளியது. மன்னர்கள் உடன்படிக்கையை வைத்து வரவில்லை, அரசியலமைப்பின் 291ஆம் உறுப்புரையை வைத்தே வந்திருக்கின்றனர். ஆகவே பூட்டு இங்கு செல்லாது. எல்லா மன்னரையும் ஒரே கையெழுத்தில் இல்லாமற் செய்ய ஜனாதிபதிக்கு அதிகாரம் இல்லை என்பது தீர்ப்பின் சுருக்கம். வாக்குக் கொடுத்த பட்டேல் மறைந்த நாளும் டிசெம்பர் 15. அவர் மறைந்து இருபது ஆண்டு நிறைந்த அதே தினத்தில் தீர்ப்பு வந்தது தற்செயலே.

மானியத்தை ஒழித்தது பிழை என்று நாம் கருதவில்லை. தந்தைக்குப்பின் மகனுக்கு, மகனுக்குப்பின் பேரனுக்கு என்று பொதுப் பணத்திலிருந்து வரியில்லா வருமானம் கொடுத்துக்கொண்டேயிருப்பது குடியரசுக்கு ஒவ்வாது. ஆனால் அதைச் செய்யவேண்டிய முறை 1971இல் கையாளப்பட்டதே. அரசு மக்களிடம் சென்றது. மார்ச் மாதத் தேர்தலில் 352 இடங்களைப் பெற்றது. திருத்தத்தை இரு சபைகளிலும் நிறைவேற்றியது. 1971 டிசெம்பர் 28ஆம் திகதி அமுலுக்கு வந்த 26ஆவது திருத்தம் 291ஐயும் 362ஐயும் நீக்கி, 363அ என்ற புதிய உறுப்புரையைச் சேர்த்தது. இரவோடிரவாக எழுதிய உத்தரவையும், மக்கள் முன் வைத்து வென்ற திருத்தத்தையும் ஒரே தட்டில் வைத்துப் பேசுவோரோடு நமக்கு உடன்பாடில்லை.

மைசூர், குருந்துவாடு ஆகிய அரச குடும்பங்கள் இத்திருத்தத்தையும் எதிர்த்தன. 1993 பெப்ரவரி 4ஆம் திகதி ஐந்து நீதிபதிகள் கொண்ட ஆயம் திருத்தம் செல்லும் என்றது. முதன்மைத் தீர்ப்பை எழுதியவர் தமிழகத்தைச் சேர்ந்த நீதியரசர் எஸ். இரத்தினவேல் பாண்டியன். மன்னர் மானியம் அரசியலமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பைச் சேர்ந்ததன்று என்பது முடிவு. அத்துடன் மானியக் கதை முடிவுற்றது.

முடியாத கதை சொத்தின் கதையே. இங்கு நீதிமன்றங்கள் மெல்ல மெல்ல ஒரு நல்ல பாதையைக் கண்டன. இராம்பூர் நவாப் 1966இல் காலமானார். மூத்த மகனே அரியணைக்கு உரியவர், ஆகையாற் சொத்து முழுவதும் அவருக்கே என்று ஒரு சாரார். மற்றப் பிள்ளைகளுக்கும் பங்குண்டு என்று மறுசாரார். ஏறக்குறைய அரை நூற்றாண்டு வழக்காடிய பின், 2019 யூலை 31ஆம் திகதி உச்ச நீதிமன்றம் தீர்த்தது. அரியணை போனபின் அரியணைக்குரிய வாரிசு முறையும் போயிற்று. சொந்தச் சொத்து மற்ற முஸ்லிம் குடும்பத்தின் முதுசம் போலவே பங்கிடப்படும். பெண்மக்களும் பங்கு பெற்றனர். மன்னரைக் குடிமகனாக நடத்தியதனால் அரச குடும்பத்துப் பெண்களே நன்மை அடைந்தனர் என்பதைக் கவனிக்கவேண்டும்.

திருவனந்தபுரம் பத்மநாபசுவாமி கோயில் வழக்கை நம் வாசகர் பலரும் அறிவர். 2011இல் நிலவறைகளிற் கண்ட பொன்னைப் பற்றி எழுதாத பத்திரிகை இல்லை. பொன்னைப் பற்றிப் பேசியோர், வழக்கு எதைப் பற்றியது என்பதை மறந்தனர். 1949ஆம் ஆண்டு உடன்படிக்கை கோயில் நிர்வாகத்தைத் ‘திருவிதாங்கூர் மன்னரிடம்’ விட்டது. கடைசி மன்னர் சித்திரைத் திருநாள் 1991இல் மறைந்தார். மன்னர் என்ற சொல்லே சட்டத்தில் அற்றுப்போன பின், அவர் தம்பியார் அந்த உரிமையைத் தொடரலாமா? முடியாது என்றது கேரள உயர் நீதிமன்றம், 2011இல். முடியும் என்றது உச்ச நீதிமன்றம், 2020 யூலை 13ஆம் திகதி. கோயிற் பரிபாலன உரிமை அரச பதவியோடு வந்ததன்று. குடும்ப வழக்காற்றின் வழியே வந்தது. ஆகவே 26ஆவது திருத்தம் அதைத் தொடவில்லை. அதே வேளை, நிர்வாகம் மாவட்ட நீதிபதியின் தலைமையிலான குழுவிடம் இருக்கும். குடும்பத்துக்கு உரிமை, கணக்குக்குப் பொது மேற்பார்வை. இதனை நாம் நல்ல தீர்ப்பெனவே கருதுகிறோம்.

இவ்விடத்தில் ஒரு வேடிக்கையையும் சொல்லவேண்டும். இந்திய அரசியலமைப்பில் 291ஆம் உறுப்புரை இருந்த இடம் வெறுமை. அதற்கு முன்வீட்டில் 290அ இன்றும் குடியிருக்கிறது. கேரளத்தின் திரட்டு நிதியிலிருந்து ஆண்டுதோறும் 46 இலட்சத்து 50 ஆயிரம் ரூபா திருவிதாங்கூர்த் தேவசுவ நிதிக்கும், தமிழ்நாட்டின் திரட்டு நிதியிலிருந்து 13 இலட்சத்து 50 ஆயிரம் ரூபா, 1956 நவம்பர் முதலாம் திகதி தமிழகத்தோடு சேர்ந்த பகுதிகளிலுள்ள கோயில்களுக்கான நிதிக்கும் கொடுக்கவேண்டும் என்கிறது அது. இதுவும் சமஸ்தானக் காலத்து ஏற்பாட்டின் தொடர்ச்சியே. மன்னரின் மானியம் நீங்கியது. கோயிலின் மானியம் நின்றது. காரணம் யாது? கேணல் மன்றோ திவானாக இருந்த காலத்தில், 1811ஐ அடுத்து, திருவிதாங்கூர்க் கோயில்களின் நிலங்கள் அரசின் கைக்குப் போயின. கோயிலுக்குக் கொடுப்பது எடுத்த நிலத்துக்கான ஈடு என்ற நினைவு மறையவில்லை. மன்னருக்குக் கொடுத்ததும் ஈடு என்றுதான் பட்டேல் சொன்னார். அந்த நினைவு இருபது ஆண்டு நிலைத்தது.

இப்போது பூட்டுக்கு வருவோம். 291 போயிற்று, 362 போயிற்று, மன்னர் என்ற தகுதியும் போயிற்று. வீடு இடிக்கப்பட்ட மனையில் கதவும் பூட்டும் மட்டும் நிற்பதுபோல் 363 நிற்கிறது. நிற்பது அழகுக்காக அன்று. ஜெய்ப்பூரில் இராஜஸ்தான் சட்டசபை நெடுங்காலம் கூடிவந்த நகர மண்டபம் 1949ஆம் ஆண்டு உடன்படிக்கையின்படி அரசின் அலுவலுக்காகக் கொடுக்கப்பட்டது. சட்டசபை வேறிடம் போய்விட்டது. ஆகையால் மாளிகை தமக்குத் திரும்பவேண்டும் என்று ஜெய்ப்பூர்க் குடும்பத்தார் வழக்குத் தொடுத்தனர். 2025 ஏப்ரிலில் இராஜஸ்தான் உயர் நீதிமன்றம், 363ஆம் உறுப்புரை இருப்பதால் உரிமையியல் நீதிமன்றம் இவ்வழக்கைக் கேட்கவே முடியாது என்று கூறியது. அதே ஆண்டு யூனில் உச்ச நீதிமன்றம் மேன்முறையீட்டை ஏற்று அரசுக்கு அறிவித்தல் அனுப்பியது.

மாளிகை யாருக்குச் சேரவேண்டும் என்பதில் நமக்கு அக்கறை இல்லை. அது மக்களுக்கே சேரவேண்டும் என்று சாட்சியங்கள் காட்டினால் அப்படியே ஆகட்டும். அரசு அதை நூதனசாலையாக்கட்டும். ஆனால் சாட்சியத்தைப் பார்த்துச் சொல்லட்டும். ‘நீ முன்னாள் மன்னர் குடும்பம், உன் உறுதியை நாம் வாசிக்கமாட்டோம்’ என்று ஒரு குடியரசின் நீதிமன்றம் சொல்லும் நிலை இருத்தலாகாது. மன்னர்க்குத் தனிச் சலுகை கூடாது என்று ஒழித்தவர்கள், மன்னர்க்கென்று ஒரு தனித் தடையை வைத்திருப்பது எவ்விதத்தில் நியாயம்? 26ஆவது திருத்தம் தொடங்கிய வேலையை முடிக்க வேண்டுமாயின், 363ஐயும் இந்தியப் பாராளுமன்றம் நீக்கவேண்டும் என்பதே நம் கருத்து.

கதவைத் திறந்தால் 560 குடும்பங்களும் ஊர் முழுவதும் தமதே என்று வழக்கோடு வந்து நிற்கும் எனச் சிலர் அஞ்சுவர். அந்த அச்சத்துக்கு இடமில்லை. காலவரையறைச் சட்டம் எல்லாக் குடிமக்களுக்கும் உள்ளது. எழுபது ஆண்டு உறங்கிய உரிமையை அது எளிதில் எழுப்ப விடாது. ஆட்சியுரிமையைத் துறந்ததை எவரும் மீட்க முடியாது. அதை 363அ தடுத்து நிற்கிறது. பொதுத் தேவைக்கென நிலம் எடுக்கும் சட்டமும், நில உச்சவரம்புச் சட்டங்களும் முன்னாள் மன்னர்களையும் கட்டுப்படுத்துகின்றன. 1952ஆம் ஆண்டுத் தீர்ப்பே அதற்கு வழிகாட்டிற்று. எஞ்சக்கூடியவை சில மாளிகைகள், சில தோட்டங்கள், பழைய அரசனிடம் பெற்ற செப்பேட்டையோ ஓலையையோ இன்னும் வைத்திருக்கும் சில குடும்பங்களின் வயல்கள். அவற்றைத் தீர்க்க ஒரு மாவட்ட நீதிமன்றமும், பட்டியலைப் படிக்கத் தெரிந்த ஒரு வழக்கறிஞரும் போதும்.